ரயிலைப் படம் பிடித்தவர், காந்தியைப் படம் பிடித்த கதை

ரிச்சர்ட் அட்டன்பரோவோட 'காந்தி' (1982) படத்தைப் பார்க்காதவங்க நம்மள்ல ரொம்பக் குறைவாத்தான் இருப்பாங்க. ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 வந்தா ஏதாவது ஒரு சேனல்ல போட்டுடுவாங்க. அடுத்த தடவை பார்க்கும்போது ஒரு சின்ன வேலை செய்யுங்க. படத்துல ரயில் எங்கெல்லாம் வருதுன்னு கவனிங்க.

கொலை, இறுதி ஊர்வலம் ரெண்டும் முடிஞ்ச உடனே கதை 1893-க்குப் போகும். அந்த முதல் காட்சியே ரயில்தான். முதல் வகுப்புப் பெட்டியில உட்கார்ந்து படிச்சிட்டிருக்கிற இளம் வக்கீலை மூட்டை முடிச்சோட பிளாட்பாரத்துல தள்ளி விடுறாங்க. அப்புறம் அவர் இந்தியா திரும்பி, கோகலே சொன்னதைக் கேட்டு, மூணாம் வகுப்புல ஊர் ஊராப் போறாரு. ரயில் கூரை மேல ஏறி உட்கார்ற சார்லி ஆண்ட்ரூஸ், சன்னலுக்கு வெளியே ஓடுற வயல், வெயில், மனுஷங்க. பிறகு சம்பாரண் போற ரயில், ஸ்டேஷன்ல திரண்டு நிக்கிற கூட்டம். காந்தியோட வாழ்க்கையே ரயில் பாதை மேலதான் திரும்புதுங்கிற மாதிரி இருக்கும்.

அந்தக் காட்சிகளுக்குப் பொறுப்பான ஒளிப்பதிவாளர் பில்லி வில்லியம்ஸ். 'காந்தி'க்காக ரோனி டெய்லரோட சேர்ந்து ஆஸ்கர் வாங்கினவர். இந்தப் பதிவு அந்த ஆஸ்கரைப் பத்தி இல்லை. அதுக்கு ஏறக்குறைய முப்பது வருஷம் முன்னாடி அவர் எங்கே வேலை பார்த்தாரு, என்ன கத்துக்கிட்டாருங்கிறதைப் பத்தி. அவர் பாடம் படிச்ச இடம் எந்த ஸ்டுடியோவும் கிடையாது. பிரிட்டிஷ் ரயில்வேக்கு விளம்பரப் படம் எடுத்த ஒரு அரசாங்க இலாகா!

வில்லியம்ஸ் 1929-ல லண்டன் பக்கத்துல வால்தம்ஸ்டோவுல பிறந்தவர். அப்பாவும் கேமராமேன். முதல் உலகப் போர் முடிவுல ஜெர்மன் கடற்படை சரணடைஞ்சதைப் படம் பிடிச்ச மனுஷர். பையன் 14 வயசுல பள்ளிக்கூடத்தை விட்டுட்டு அப்பாகிட்டயே எடுபிடியாச் சேர்ந்துட்டான். கேமராவைத் தூக்கறது, லென்ஸ் துடைக்கிறது, ஃபிலிம் மாத்தறது. நம்ம ஊர் சிற்பி, தச்சர் வீட்டுப் பிள்ளைங்க மாதிரி, கையில சுத்தியலைக் கொடுத்துத் தொழில் பழக்கற கதைதான். அப்புறம் விமானப் படையில போட்டோகிராபர் வேலை. அதுக்கப்புறம்தான் ரயில்வே படப் பிரிவு.

இந்தப் பிரிவைப் பத்திக் கொஞ்சம் சொல்லணும். போருக்குப் பிறகு 1948-ல பிரிட்டன் ரயில்வேயை நாட்டுடைமை ஆக்கினாங்க. ரயில், கால்வாய், துறைமுகம், லண்டன் பஸ் எல்லாத்தையும் ஒரே ஆணையத்துக்குக் கீழே கொண்டு வந்தாங்க. இத்தனைக்கும் சேர்த்துப் படம் எடுக்க 1949-ல தொடங்கினதுதான் 'பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸ்'. தலைவர் எட்கர் ஆன்ஸ்டி. டாக்குமெண்டரி உலகத்தோட பிதாமகர்னு சொல்லப்படற ஜான் கிரியர்சன்கிட்டப் பாடம் படிச்சவர். லண்டன் குடிசைப் பகுதி மக்களை நேரா கேமரா முன்னாடி நிறுத்திப் பேசவிட்ட 'ஹவுசிங் பிராப்ளம்ஸ்' (1935) படத்தை எடுத்த ரெண்டு பேர்ல ஒருத்தர்.

கிரியர்சன் ஆளுங்களுக்கு ரயில் ஒண்ணும் புதுசில்லை. 1936-ல தபால் இலாகாவுக்காக எடுத்த 'நைட் மெயில்' அவங்க படம்தான். லண்டன்ல இருந்து ஸ்காட்லாந்துக்கு ராத்திரியில ஓடுற தபால் ரயில். ஆடன் செய்யுள், பெஞ்சமின் பிரிட்டன் இசைன்னு இன்னைக்கும் சினிமா மாணவர்களுக்குப் பாடமா வைக்கிற படம். அதுல ஒரு வேடிக்கை இருக்கு. பெட்டிக்குள்ளே கடிதம் பிரிக்கிற காட்சிகளை ஓடுற ரயில்ல எடுக்கலை. ஸ்டுடியோவுல செட் போட்டு, நிஜமான தபால் ஊழியர்களையே நிக்க வச்சு, 'லேசா ஆடிக்கிட்டே வேலை செய்யுங்கப்பா'ன்னு சொல்லி எடுத்தது. டாக்குமெண்டரின்னாலே அச்சு அசல் உண்மைன்னு நினைக்கிறவங்களுக்கு இது ஒரு நல்ல அதிர்ச்சி வைத்தியம் :-)

சரி, நம்மாளுக்கு வருவோம்.

1954-ல 'எலிசபெதன் எக்ஸ்பிரஸ்'னு ஒரு இருபது நிமிஷப் படம். ஒளிப்பதிவு பில்லி வில்லியம்ஸ். ஏறக்குறைய 25 வயசு. லண்டன் கிங்ஸ் கிராஸ்ல இருந்து எடின்பரோவுக்கு நடுவுல எங்கேயும் நிக்காம ஓடுற ரயில் அது. 393 மைல், அதாவது 630 கிலோமீட்டருக்கும் மேல. ஆறரை மணி நேரம். இழுத்துட்டுப் போனது நீராவி எஞ்சின்! கணக்குப் போட்டுப் பாருங்க, சராசரியே மணிக்கு 60 மைல் வரும்.

நிக்காம ஓடணும்னா ரெண்டு பிரச்னை. ஒண்ணு தண்ணி. நீராவி எஞ்சின் தண்ணியைக் குடிச்சுக்கிட்டே இருக்கும். அதுக்காகப் பாதையில அங்கங்கே ரெண்டு தண்டவாளத்துக்கும் நடுவுல நீளமான தொட்டி வச்சுத் தண்ணி நிரப்பியிருப்பாங்க. ரயில் அது மேல ஓடும்போது ஃபயர்மேன் ஒரு கரண்டி மாதிரியான குழாயைக் கீழே இறக்குவாரு. வேகத்துலயே தண்ணி சரசரன்னு மேலே ஏறித் தொட்டி நிரம்பிடும். சரியான இடத்துல இறக்கி, தொட்டி முடியறதுக்குள்ள தூக்கிடணும்.

இன்னொண்ணு மனுஷன். ஆறரை மணி நேரம் ஒரே ஆள் கரி அள்ளிப் போட்டா செத்துடுவான். அதனால ரெண்டு ஜோடி டிரைவர், ஃபயர்மேன். முதல் ஜோடி பாதி வழி ஓட்டும், ரெண்டாவது ஜோடி பின்னாடி பெட்டியில உட்கார்ந்து வரும். பாதி வழி வந்ததும் ஆள் மாத்தணும், ஆனா ரயில் நிக்காது. அதுக்காகக் கரியும் தண்ணியும் ஏத்தியிருக்கிற டெண்டருக்குள்ளேயே குனிஞ்சு நடக்கற மாதிரி ஒரு சந்து வச்சிருந்தாங்க. 5 அடி உயரம், 18 அங்குல அகலம். அதுக்குள்ள புகுந்து ஒரு ஜோடி முன்னாடி போகும், இன்னொரு ஜோடி ஓய்வுக்குப் பின்னாடி வரும்.

இதையெல்லாம் அந்தப் படத்துல பார்க்கலாம். வர்ணனை முழுக்க வரிக்கு வரி ஓசை ஒத்துப்போற செய்யுள். கொஞ்ச நேரத்துல நம்ம டி.ராஜேந்தர் வசனம் கேட்கிற மாதிரி ஆயிடும் (ரசிகர்கள் அடிக்க வராதீங்க). சத்தத்தைக் குறைச்சிட்டுப் படத்தை மட்டும் பாருங்கன்னுதான் நான் சிபாரிசு செய்வேன். அப்பத்தான் கேமரா என்ன செய்யுதுன்னு தெரியும்.

ரயிலைப் படம் எடுக்கிறதுல என்னய்யா கஷ்டம், அது பாட்டுக்கு ஓடுது, நாம பாட்டுக்குப் பிடிக்கிறோம்னு தோணும். கேமரா வச்சிருக்கிற பதிவர்கள் ஒரு தடவை முயற்சி பண்ணிப் பாருங்க.

முதல் சிக்கல் நிறம். எஞ்சின் கன்னங்கரேல்னு இருக்கும், அது விடுற நீராவி வெள்ளை வெளேர்னு இருக்கும். ரெண்டும் ஒரே ஃபிரேம்ல. எஞ்சினுக்கு ஏத்த மாதிரி ஒளியளவு வச்சா நீராவி வெளுத்துப் போயிடும். நீராவிக்கு வச்சா எஞ்சின் கரி அப்பின சுவர் மாதிரி ஆயிடும். இதுக்கு லைட் கொண்டு போய் அடிக்கவும் முடியாது. சூரியன் எந்தப் பக்கம் இருக்குன்னு பார்த்து நாமதான் இடம் மாறி நிக்கணும். வெயில் நீராவிக்குப் பின்னாடி இருந்து வந்தா அது அப்படியே உள்ளுக்குள்ள விளக்கு ஏத்தின மாதிரி ஒளிரும். அதே நீராவி மேல வெயில் முன்னாடி இருந்து விழுந்தா சுண்ணாம்பு அடிச்ச மாதிரி தட்டையாப் போயிடும்.

ரெண்டாவது சிக்கல் நேரம். ஒரு நாளைக்கு ஒரு தடவைதான் அந்த ரயில் அந்த இடத்தைத் தாண்டும். 'கட், ஒன் மோர்' சொல்ல முடியாது. மேகம் மறைச்சா நாளைக்குத்தான். அந்தக் காலத்து பிரிட்டிஷ் டாக்குமெண்டரிக்காரங்க நிறைய பயன்படுத்தினது நியூமன்-சின்க்ளேர்னு ஒரு கேமரா. பேட்டரி கிடையாது, சுவர்க் கடிகாரம் மாதிரி சாவி கொடுத்தா ஓடும். அதுல 200 அடி ஃபிலிம் பிடிக்கும். 35 எம்.எம். ஃபிலிம் நொடிக்கு ஒன்றரை அடி ஓடும். ஆக மொத்தம் ரெண்டே கால் நிமிஷத்துக்கும் கொஞ்சம் கம்மி. அதுக்குள்ள ரயில் ரெண்டு மைல் போயிருக்கும்!

மூணாவது, எங்கே நிக்கிறோம்கிறது. ஓடுற ரயிலுக்குப் பக்கவாட்டுல நெருங்கி நின்னு எடுத்தா பெட்டிகள் எல்லாம் தடதடன்னு துண்டு துண்டாத் தெரியும், கண்ணு வலிக்கும். தள்ளி நின்னா வேகமே தெரியாது. வேகத்தைக் காட்டணும்னா பக்கத்துல ஏதாவது நிக்கணும். ஒரு கம்பம், ஒரு பாலம், கொடி பிடிச்ச ஒரு தொழிலாளி. ரயிலோட வேகத்தைக் காட்டுறது ரயில் இல்லை, அதுக்குப் பக்கத்துல அசையாம நிக்கிற விஷயம்தான். அதாவது நிலம். இந்த இடத்துலதான் ரயில் படம் எடுக்கிறவன் வேற வழியே இல்லாம நிலக்காட்சி எடுக்கக் கத்துக்கிறான்.

இலாகாவுக்கும் இது தோதாப் போச்சு. ரயில் டிக்கெட் விக்கணும்னா ரயிலைக் காட்டினாப் போதாது, அது போய்ச் சேர்ற ஊரைக் காட்டி ஆசை மூட்டணும். அதனால பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸ் மலை, கடற்கரை, கோட்டை, கிராமம்னு ஊர் ஊராப் போய்ப் படம் எடுத்துச்சு. கடைசியில ரயிலே வராத ரயில்வே படங்கள் வர ஆரம்பிச்சது. பேட்ரிக் கேரி ஒளிப்பதிவு செஞ்ச 'ஜர்னி இன்டு ஸ்பிரிங்' (1957) ஒரு கிராமத்துக்கு வசந்தம் வர்ற கதை மட்டும்தான். ஆஸ்கர் பரிந்துரை வரைக்கும் போச்சு. 1966-ஆம் வருஷப் படங்களுக்கான ஆஸ்கர்ல இந்தப் பிரிவு பரிசே வாங்கிச்சு. எந்தப் படத்துக்குன்னு நினைக்கிறீங்க? 'வைல்ட் விங்ஸ்'. வாத்தும் அன்னமும் பத்தின பறவைப் படம்! ரயில்வே இலாகா பறவைப் படத்துக்கு ஆஸ்கர் வாங்கின கதை உலகத்துல வேற எங்கேயாவது இருந்தா பின்னூட்டத்துல சொல்லுங்க.

வில்லியம்ஸ் அங்கேயிருந்து வெளியே வந்து விளம்பரப் படங்கள் எடுத்தாரு. அதுல பழக்கமான கென் ரஸ்ஸல் மூலமா பெரிய படங்கள். 'விமென் இன் லவ்' (1969) அவருக்கு முதல் ஆஸ்கர் பரிந்துரையை வாங்கிக் கொடுத்தது. அந்தப் படத்துலயும் ஒரு மறக்க முடியாத ரயில் காட்சி உண்டு. லெவல் கிராசிங்ல கரி ரயில் தடதடன்னு போகுது, மிரண்டு துள்ளுற குதிரையை ஆலிவர் ரீட் விடாப்பிடியா அடக்கி ரயில் பக்கமே நிறுத்துறாரு. அசையாத கேட்டு, ஓடுற ரயில், நடுவுல திமிர்ற குதிரை. பழைய பாடம் எங்கேயும் போகலைன்னு தெரியும்.

அடுத்து ஜான் ஷ்லெசிங்கரோட 'சண்டே பிளடி சண்டே' (1971). இந்த ஷ்லெசிங்கரும் அதே ரயில்வே பட்டறைதான். லண்டன் வாட்டர்லூ ஸ்டேஷன்ல ஒரு நாள் முழுக்க நடக்கறதைக் காட்டுற 'டெர்மினஸ்' (1961) படத்தால வெளிச்சத்துக்கு வந்தவர். 'எக்ஸார்சிஸ்ட்' (1973) பார்த்துட்டு ராத்திரி தூங்காதவங்க அதோட தொடக்கத்தை மறந்திருப்பீங்க. இராக் பாலைவனத்துல சூரியனுக்கு முன்னாடி ஒரு சிலையும் ஒரு கிழவரும் எதிரெதிரா நிக்கிற காட்சி. அந்த இராக் பகுதி மட்டும் வில்லியம்ஸ் எடுத்தது. ஏரியும் அந்திப் பொன்னுமா இருக்கிற 'ஆன் கோல்டன் பாண்ட்' (1981) ரெண்டாவது ஆஸ்கர் பரிந்துரை.

அப்புறம்தான் 'காந்தி'. 1980 நவம்பர்ல இருந்து 1981 மே வரை படப்பிடிப்பு. நடுவுல வில்லியம்ஸுக்கு முதுகுத் தண்டு வட்டு விலகி எழுந்து நிக்க முடியாமப் போச்சு. அவர் இடத்துக்கு ரோனி டெய்லர் வந்தாரு. அதனாலதான் ரெண்டு பேருக்கும் ஆஸ்கர். இரண்டாம் யூனிட் நம்ம கோவிந்த் நிஹலானி. இறுதி ஊர்வலக் காட்சி 1981 ஜனவரி 31 அன்னைக்கு, நிஜ ஊர்வலம் நடந்து சரியா 33 வருஷம் கழிச்சு எடுத்தது. மூணு லட்சம் பேர், பதினோரு கேமரா, 20,000 அடி ஃபிலிம். அதுல படத்துல வர்றது ரெண்டு நிமிஷம் சொச்சம்.

மூணு லட்சம் பேர் கூடின கூட்டத்துக்கு லைட் போட முடியாது. திரும்பவும் வரச் சொல்ல முடியாது. சூரியன் எங்கே இருக்குன்னு பார்த்து நிக்கணும், வர்றதைப் பிடிக்கணும், விட்டாப் போச்சு. எனக்கு இதைப் படிச்சப்போ 'எலிசபெதன் எக்ஸ்பிரஸ்'தான் ஞாபகம் வந்துச்சு. ஒரு நாளைக்கு ஒரு தடவை மட்டும் தாண்டிப் போற ரயில்.

இது ஒரு ஆளோட கதை மட்டும்னா தற்செயல்னு விட்டுடலாம். டேவிட் வாட்கின்னு இன்னொருத்தர் அதே பட்டறை. 1948-ல சதர்ன் ரயில்வே படப் பிரிவுல உதவியாளரா நுழைஞ்சவர், அது அப்படியே பிரிட்டிஷ் டிரான்ஸ்போர்ட் ஃபிலிம்ஸோட சேர்ந்தப்போ கூடவே வந்தவர். பத்து வருஷத்துக்கும் மேல ரயில், கடற்கரை, பழைய கட்டிடம்னு எடுத்தாரு. பிறகு 'சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்' (1981). அப்புறம் 'அவுட் ஆஃப் ஆப்பிரிக்கா' (1985), அதுக்கு ஆஸ்கர். அந்தப் படத்துல நாயகி கென்யாவுக்கு எப்படி வந்து இறங்குறாங்க? பரந்த புல்வெளியில புகை விட்டுக்கிட்டு ஊர்ந்து போற ரயில்ல! (அந்தக் கென்ய ரயில் பாதையைப் போட்டவங்கள்ல சுமார் 32,000 பேர் இந்தியாவுல இருந்து கொண்டு போன தொழிலாளிங்க. ஏறக்குறைய 2,500 பேர் அங்கேயே செத்தாங்க. படத்துல அது வராது. அது தனிப் பதிவு போட வேண்டிய விஷயம்.)

மூணு வருஷத்துக்குள்ள ரெண்டு ஒளிப்பதிவு ஆஸ்கர், ரெண்டும் ஒரே ரயில்வே இலாகாவுல பழகின கைகளுக்கு. அந்த இலாகா அதைத் திட்டம் போட்டுச் செய்யலை. டிக்கெட் விக்கவும் ஊழியர்களுக்குப் பாதுகாப்புப் பாடம் சொல்லவும்தான் படம் எடுத்துச்சு. ஆனா இளைஞர்களுக்கு மாசச் சம்பளம் கொடுத்து, கையில கேமராவும் ஃபிலிமும் கொடுத்து, வருஷக்கணக்கா வெயில்லயும் மழையிலயும் அலைய விட்டுச்சு. தப்பாப் போனா வேலை போயிடாது, நாளைக்கு அதே ரயில் வரும். இந்த ரெண்டும் சேர்ந்த இடம் வேற எங்கே கிடைக்கும்? 1980-கள்ல செலவு எதுக்குன்னு அந்தப் பிரிவையே மூடிட்டாங்க.

நம்ம ஊருக்கும் இது பொருந்தும். 1948-ல தொடங்கின ஃபிலிம்ஸ் டிவிஷன் படங்களைத் தியேட்டர்ல கட்டாயம் போட்டே ஆகணும்னு விதி இருந்துச்சு. கறுப்பு வெள்ளையில அணைக்கட்டு, வெள்ள நிவாரணம், மந்திரி ரிப்பன் வெட்டறதுன்னு ஓடும். நம்ம ஜனம் 'இன்னும் மெயின் படம் போடலைடா'ன்னு முறுக்கும் டீயும் வாங்க வெளியே போன நேரம் அது. அந்த மொக்கைப் படங்களுக்குப் பின்னாடியும் வெயில்ல நின்ன கேமராமேன்கள் இருந்தாங்க. எஸ்.என்.எஸ். சாஸ்திரி அப்படி கேமராமேனா இருந்து இயக்குநர் ஆனவர்தான். 1947-ல பிறந்த இளைஞர்களை 20 வயசுல சந்திச்சுப் பேசின 'ஐ ஆம் 20' (1967) அவரோட படம். ஃபிலிம்ஸ் டிவிஷனை 2022-ல தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோட இணைச்சுட்டாங்க. 'காந்தி' படத்துக்குப் பணம் போட்டதுல ஒரு பங்கு இதே கழகத்தோடது. பழைய பிரிண்டுகளை டிஜிட்டலாக்கி வைக்கிற வேலை நடக்குது, நல்லது. ஆனா அடுத்த சாஸ்திரி எங்கே போய்ப் பழகுவாரு? கல்யாண வீடியோ, விளம்பரம், சீரியல். அங்கேயும் தொழில் கத்துக்கலாம்தான். ஆனா அசையாம ஒரு நிலத்தைப் பார்த்துக்கிட்டு நாள் முழுக்கக் காத்திருக்க அங்கே யாரு சம்பளம் கொடுப்பாங்க?

பில்லி வில்லியம்ஸ் 2025 மே மாசம், 95 வயசுல காலமானார். அவர் பேரைச் சொன்னா எல்லாருக்கும் 'காந்தி'தான் நினைவுக்கு வரும். அது நியாயம்தான். ஆனா என்னோட ஓட்டு அந்த இருபது நிமிஷ ரயில் படத்துக்கு. காரணம் சொல்றேன்.

அந்தப் படத்துல ரயிலை இழுக்கிற எஞ்சின் பேரு 'சில்வர் ஃபாக்ஸ்'. 1935-ல கட்டினது. நீராவி எஞ்சின் ரயிலை நிக்காம எடின்பரோ வரை ஓட்டறது 1961-ல முடிஞ்சு போச்சு. 1963-ல 'சில்வர் ஃபாக்ஸை' உடைச்சுப் பழைய இரும்பாப் போட்டுட்டாங்க. அதே வகையில ஆறு எஞ்சின்களைப் பாதுகாத்து வச்சிருக்காங்க. ஆனா சில்வர்னு பேரு வச்ச நாலுல ஒண்ணு கூட மிஞ்சலை. டெண்டருக்குள்ள இருக்கிற 18 அங்குலச் சந்துல குனிஞ்சு போய் ஆள் மாத்தின அந்த நாலு பேரும், அள்ளின கரியும், பறந்த தண்ணியும் இன்னைக்கு இருக்கிறது அந்தப் படத்துல மட்டும்தான். டிக்கெட் விக்க எடுத்த படம் கடைசியில சரித்திரமா நின்னுடுச்சு.

டிஸ்கி: டேவிட் வாட்கின் படப்பிடிப்புல தூங்குறதுக்குப் பேர் போனவர். அவரைப் பத்தித் தனிப் பதிவு வரும். யாராவது ஃபிலிம்ஸ் டிவிஷன்ல வேலை பார்த்தவங்க, அல்லது அவங்க வீட்டுப் பிள்ளைங்க இதைப் படிச்சா, உங்க கதையையும் எழுதுங்க. முறுக்கு வாங்க வெளியே போகாம உட்கார்ந்து படிக்கிறோம் :-)